மெல்லிசான, மொறுமொறு ஓட்ஸ் குக்கி: மும்பை ஈரத்திலும் வருமா?

நீங்கள் கேட்டது சுருக்கமாக இதுதான். மும்பை செம்பூரில் வீடு, 28 லிட்டர் ஓடிஜி, அதாவது சின்ன மின்சார அவன் (oven). ஓட்ஸ் குக்கி சுட்டால் தடியாக, மெத்தென்று வருகிறது. ஓரம் கொஞ்சம் முறுகினாலும் சாயங்காலத்துக்குள் நமத்துப்போகிறது. கடையில் விற்கிற மாதிரி மெல்லிசாக, சடக்கென்று ஒடிகிற குக்கி வீட்டில் வருமா? முட்டை இல்லாமல் வருமா? திருநெல்வேலியில் இருக்கும் அம்மாவுக்குக் கொடுத்தனுப்பினால் தாங்குமா?

வரும். முட்டை இல்லாமலும் வரும். கொடுத்தனுப்புவது பற்றிக் கடைசியில் சொல்கிறேன்.

உங்கள் செய்முறையையும் எழுதியிருந்தீர்கள்: மூன்று நிமிட ஓட்ஸ், பாதி மைதா பாதி கோதுமை மாவு, முழுக்க நாட்டுச் சர்க்கரை, ஒரு முட்டை, மாவைப் பிசைந்து ராத்திரி முழுக்க ஃப்ரிட்ஜில். இந்த ஐந்துமே குக்கியைத் தடியாகவும் மிருதுவாகவும் ஆக்குகிற விஷயங்கள். அப்படி ஒரு குக்கி வேண்டும் என்பவர்களுக்கு இது நல்ல செய்முறை. உங்களுக்கு வேண்டியது வேறு ஜாதி.

மெல்லிசாக வருவதும் மொறுமொறுப்பாக வருவதும் தனித்தனி வேலைகள். பலரும் இரண்டையும் ஒன்றாக நினைத்துக்கொண்டு, மொறுமொறுப்பு வரவில்லையென்றால் இன்னும் ஐந்து நிமிடம் சுடுகிறார்கள். தடியான குக்கியை அதிக நேரம் சுட்டால் கிடைப்பது பல்லுக்கு வேலை வைக்கிற கெட்டி பிஸ்கட்தான். மெல்லிசாவது ஓடிஜிக்குள் போன முதல் ஆறேழு நிமிடங்களில் முடிவாகிவிடும். மொறுமொறுப்பு கடைசி ஐந்து நிமிடங்களிலும், வெளியே எடுத்த பிறகும் முடிவாவது. மும்பையில் முதல் வேலை சுலபம். இரண்டாவதுதான் பாடு.

மெல்லிசாவதை முதலில் பார்ப்போம். உருண்டை சூட்டுக்குள் போனதும் வெண்ணெய் உருகுகிறது, சர்க்கரை கரைகிறது, உருண்டை தளர்ந்து பக்கவாட்டில் பரவுகிறது. அதே சமயம் மாவும் முட்டையும் சூட்டில் இறுகிக்கொண்டு வருகின்றன. அவை இறுகியதும் பரவல் நின்றுவிடும். ஆகவே இறுகுவதற்கு முன் பரவ அவகாசம் கிடைக்க வேண்டும். வெண்ணெயும் சர்க்கரையும் சமையல் சோடாவும் அதற்கு உதவும். மாவு அதிகமானாலோ, முட்டை இருந்தாலோ, ஈரத்தை உறிஞ்சுகிற எதைச் சேர்த்தாலோ பரவல் குறையும்.

ஈரத்தை உறிஞ்சுவதில் முதல் ஆள் ஓட்ஸ். கடையில் வெறுமனே ஓட்ஸ் என்று கேட்டால் பெரும்பாலும் கையில் கொடுப்பது சீக்கிரம் வேகும் ரகம். முழுத் தானியத்தை ஆவி காட்டி, உருளைகளுக்கு நடுவே கொடுத்துத் தட்டையாக்கினால் அது ரோல்டு ஓட்ஸ். தானியத்தை முதலில் துண்டாக்கி, இன்னும் மெல்லிசாக நசுக்கினால் சீக்கிரம் வேகும் ரகம். இதழ் பொடிசாக இருப்பதால் அது பாலையும் வெண்ணெயில் உள்ள தண்ணீரையும் சட்டென்று குடித்து மாவைக் கெட்டியாக்கிவிடும். பாக்கெட்டில் ரோல்டு ஓட்ஸ் என்று போட்டிருப்பதையே வாங்குங்கள். இதழ் முழுசாக, அகலமாக இருக்கும். தட்டையாக்காமல் துண்டாக மட்டும் வெட்டிய ஸ்டீல் கட் ஓட்ஸ் இதற்கு ஆகாது, குக்கி வேகிற நேரத்தில் அது வேகாது. மசாலா ஓட்ஸைப் போட்டுப் பார்த்தவர்களும் உலகத்தில் இருக்கிறார்கள், அவர்களைப் பற்றிப் பேச வேண்டாம்.

வாங்கிய ஓட்ஸை ரவையை வறுக்கிற மாதிரியே வெறும் வாணலியில் நடுத்தரத் தீயில் ஐந்தாறு நிமிடம் வறுத்து ஆறவிடுங்கள். வாசனை கிளம்பினால் போதும், நிறம் மாற வேண்டாம். மழைக்காலத்தில் பாக்கெட் பிரித்து நாளான ஓட்ஸில் நிறைய ஈரம் ஏறியிருக்கும். அதை முதலிலேயே விரட்டிவிடலாம். ருசியும் தூக்கும்.

அடுத்தது கோதுமை மாவு. சக்கியில், அதாவது கல் திரிகையில், அரைக்கும்போது மாவுச்சத்துத் துகள்கள் நிறைய நசுங்கிச் சிதைகின்றன. சிதைந்த துகள் அதிகத் தண்ணீர் குடிக்கும். சப்பாத்தி மிருதுவாக வருவதற்கு இதுவும் ஒரு காரணம். குக்கி பரவாமல் நிற்பதற்கும் இதேதான் காரணம். இந்தக் குக்கிக்கு மைதாதான். மைதா வேண்டாம் என்றால் ஓட்ஸிலேயே கொஞ்சத்தை மிக்சியில் பொடித்துப் போடலாம். வரும், ஆனால் எடுக்கும்போதே பொலபொலவென்று உதிரும்.

ஃப்ரிட்ஜ் விஷயத்துக்கு வருகிறேன். குக்கி மாவைக் குளிரவைத்துச் சுட வேண்டும் என்று எங்கே படித்தாலும் எழுதியிருக்கும். தடியான குக்கிக்கு அது சரி. குளிர்ந்த வெண்ணெய் உருக நேரம் எடுக்கும், அதற்குள் வெளிப்பக்கம் இறுகிவிடும். அதோடு ஒரு ராத்திரி முழுக்க ஓட்ஸும் மாவும் ஈரத்தைக் குடித்து ஊதியிருக்கும். நமக்கு இது நேர் எதிர். கலந்து பத்து நிமிடத்தில் தட்டில் வைத்து உள்ளே தள்ளிவிட வேண்டும். மே மாதத்தில் மாவிலிருந்து எண்ணெய் பிரிகிற அளவுக்குச் சமையலறை கொதித்தால் மட்டும் பத்து நிமிடம் ஃப்ரிட்ஜில் வைக்கலாம்.

இனி சர்க்கரை. இதில்தான் உங்களோடு கொஞ்சம் சண்டை போட வேண்டியிருக்கிறது. நாட்டுச் சர்க்கரையிலும் வெல்லத்திலும் சுக்ரோஸோடு (வெள்ளைச் சர்க்கரையில் இருப்பது இதுதான்) கொஞ்சம் குளுக்கோஸும் ஃபிரக்டோஸும் இருக்கின்றன. இவை காற்றிலிருந்து ஈரத்தை இழுத்துப் பிடித்துக்கொள்ளும். ஜூலையில் உங்கள் சமையலறை அலமாரியைத் திறந்து பாருங்கள். நாட்டுச் சர்க்கரை டப்பாவுக்குள் ஈரக் கட்டியாக இருக்கும், பக்கத்திலேயே வெள்ளைச் சர்க்கரை கொஞ்சம் பிசுபிசுத்தாலும் மணி மணியாக நிற்கும். குக்கிக்குள்ளும் அதேதான் நடக்கிறது. மணத்துக்கும் நிறத்துக்கும் கொஞ்சம் நாட்டுச் சர்க்கரை நல்லது. மொத்தச் சர்க்கரையில் ஆறில் ஒரு பங்குக்கு மேல் போனால் மொறுமொறுப்பை மறந்துவிட வேண்டியதுதான். தேனும் அப்படித்தான். உடம்புக்கு நல்லது என்ற கணக்கில் மாற்றியிருந்தால், இந்த அளவுச் சர்க்கரைக்கு அந்த வித்தியாசம் ஒன்றும் பெரிதில்லை. வெள்ளைச் சர்க்கரையில் செய்து ஒரு குக்கி குறைவாகச் சாப்பிடலாம்.

சர்க்கரையின் அளவையும் ரொம்பக் குறைக்காதீர்கள். இங்கே அது இனிப்புக்கு மட்டும் இல்லை. உருகிப் பரவவைப்பதும், ஆறியதும் ஒடியவைப்பதும் அதுதான். நம் ஊர்ச் சர்க்கரை பருமனாக இருக்கும், அப்படியே போட்டால் சரியாகக் கரையாமல் அங்கங்கே நறநறக்கும். மிக்சியில் இரண்டு மூன்று தடவை விட்டு விட்டு ஓட்டி, ரவை பருவத்துக்குக் கொண்டுவந்தால் போதும்.

வெண்ணெய் கடையில் கட்டியாக விற்கிற உப்பு வெண்ணெயே சரி. அதில் சுமார் 80 விழுக்காடு கொழுப்பு, மிச்சத்தில் பெரும்பங்கு தண்ணீர். வீட்டில் கடைந்த வெண்ணெயில் தண்ணீரும் மோரும் கூடுதலாக இருக்கும். அதில் சுட்டால் உள்ளே ஈரம் போகாமல் இழுத்தடிக்கும். நெய்யில் தண்ணீரே இல்லை. நெய்யில் செய்தால் நான்கட்டாய் மாதிரி வாயில் கரையும், ஆனால் ஒடியாது. இரண்டும் வெவ்வேறு சுகம்.

முட்டை இல்லாமல் எப்படி என்கிற கவலையே வேண்டாம். ஆஸ்திரேலியா, நியூசிலாந்துக்காரர்கள் முதல் உலகப் போர்க் காலப் படைவீரர்களின் நினைவாகச் செய்கிற ஆன்சாக் பிஸ்கட்டில் முட்டை கிடையாது. ஓட்ஸ், மாவு, தேங்காய்த் துருவல், சர்க்கரை, வெண்ணெய், கோல்டன் சிரப் என்ற கெட்டிச் சர்க்கரைப் பாகு, சோடா, அவ்வளவுதான். சோடாவைக் கொதிக்கிற தண்ணீரில் கரைத்து உருகிய வெண்ணெய்ப் பாகில் ஊற்றுவார்கள், நுரைத்துப் பொங்கும். நான் சொல்லப்போகிற முறை அதிலிருந்து எடுத்ததுதான். மாவைக் குறைத்து, சிரப்பை எடுத்துவிட்டால் நம் மெல்லிசுக் குக்கி கிடைக்கிறது.

உப்பு வெண்ணெய் 100 கிராம், வெள்ளைச் சர்க்கரை 100 கிராம், நாட்டுச் சர்க்கரை 20 கிராம், பால் 2 மேசைக்கரண்டி. இவற்றை அடிகனமான பாத்திரத்தில் சின்னத் தீயில் வைத்து, வெண்ணெய் உருகியதும் இறக்கிவிடுங்கள். கொதிக்க வேண்டாம். சர்க்கரை பாதி கரைகிற வரை கிளறி, விரல் வைத்தால் வெதுவெதுப்பாக இருக்கிற சூட்டுக்கு ஆறவிடுங்கள். அரை தேக்கரண்டி வெனிலா எசென்ஸ், கால் தேக்கரண்டி சமையல் சோடா சேர்த்துக் கலக்கினால் லேசாக நுரைக்கும். அப்புறம் 80 கிராம் மைதா, வறுத்த ரோல்டு ஓட்ஸ் 100 கிராம் இரண்டையும் கொட்டி, மாவு வெள்ளையாகத் தெரிவது நிற்கிற வரை கரண்டியால் புரட்டுங்கள், அதோடு நிறுத்திக்கொள்ளுங்கள். மாவை அடிக்கிற பீட்டர் கருவி எதுவும் வேண்டாம். அடித்தால் காற்று ஏறும், காற்று ஏறினால் குக்கி உப்பும்.

முட்டை போட்டுத்தான் செய்வேன் என்றால் ஒரு மஞ்சள் கருவைச் சேர்த்து, பாலை 1 மேசைக்கரண்டியாகக் குறையுங்கள். வெள்ளைக் கரு வேண்டாம், அது சூட்டில் இறுகிக் குக்கியைத் தூக்கி நிறுத்தும்.

சோடா பற்றி ஒரு வார்த்தை. அது மாவின் பிடிப்பைத் தளர்த்தும், சீக்கிரம் சிவக்கவைக்கும். கேஸ் கிளம்பி உப்பிய குக்கி பின்பு அமுங்கும்போது மேலே வெடிப்பு விழும். உள்ளே திறந்த துளைகள் இருப்பதால் ஈரம் வெளியேற வழியும் கிடைக்கும். கால் தேக்கரண்டிக்கு மேல் போனால் சோப்பு வாடை அடிக்கும். ஈனோவில் சிட்ரிக் அமிலமும் கலந்திருப்பதால் ஈரம் பட்டதும் அதன் வேகம் அங்கேயே தீர்ந்துவிடும். சோடாவுக்குப் பதிலாக அதைப் போடாதீர்கள்.

மாவு கொஞ்சம் தளர்வாகத்தான் இருக்கும், பயப்பட வேண்டாம். பெரிய நெல்லிக்காய் அளவு உருட்டித் தட்டில் வைத்து, ஸ்டீல் டம்ளரின் அடியில் நெய் தடவி அழுத்தி, 5 அல்லது 6 மில்லிமீட்டர் கனத்துக்குக் கொண்டுவாருங்கள். ஒன்றுக்கொன்று மூன்று விரல் இடைவெளி வேண்டும். உங்கள் ஓடிஜி தட்டில் எட்டு ஒன்பது கொள்ளும். மொத்தம் 20-க்கு மேல் வரும், ஆக இரண்டு மூன்று தடவை சுட வேண்டியிருக்கும். காத்திருக்கிற மாவு கெட்டியாகிக்கொண்டே போகும் என்பதால் கடைசித் தட்டுக்கு டம்ளரைக் கொஞ்சம் பலமாக அழுத்துங்கள்.

மொத்த மாவையும் தட்டில் வைப்பதற்கு முன் ஒரே ஒரு குக்கியைச் சுட்டுப் பாருங்கள். மைதாவும் வெண்ணெயும் பிராண்டுக்கு பிராண்ட் மாறும், பருவத்துக்குப் பருவமும் மாறும். அந்த ஒன்று ஓடி வலை மாதிரி ஆகிவிட்டால் மாவில் ஒரு மேசைக்கரண்டி மைதா சேருங்கள். அப்படியே நின்றால் ஒரு தேக்கரண்டி பால். வலையாக ஓடியதும் வீணில்லை. ஸ்வீடனில் அப்படியே ஓடவிட்டுத்தான் ஹாவ்ரெஃப்லார்ன் என்ற ஓட்ஸ் குக்கியைச் செய்கிறார்கள்.

இனி ஓடிஜியின் சூடு. ஓடிஜியின் முள்ளை நம்பாதீர்கள். 170 என்று திருப்பினால் உள்ளே 155-ம் இருக்கலாம், 190-ம் இருக்கலாம். உள்ளே மாட்டி வைக்கிற சின்ன அவன் தெர்மாமீட்டர் ஒன்று கிராஃபோர்ட் மார்க்கெட் பக்கம் பேக்கிங் சாமான் விற்கிற கடைகளில் கிடைக்கும். குக்கி சுடுகிறவர் வாங்க வேண்டிய முதல் சாமான் அது. அச்சு, கட்டர், சிலிக்கான் மேட் எல்லாம் அப்புறம். மேல் கம்பி, கீழ்க் கம்பி இரண்டையும் போட்டு, நடு அடுக்கில், 170 டிகிரியில் முழுதாக 15 நிமிடம் முன்சூடு செய்யுங்கள்.

ஓடிஜியோடு வருகிற கறுப்புத் தட்டு சூட்டை அதிகமாக வாங்கி அடிப்பக்கத்தைக் கருக்கும். வெள்ளை அலுமினியத் தட்டு இருந்தால் அதுதான் நல்லது. கறுப்புத் தட்டுதான் என்றால் 10 டிகிரி குறைத்துக்கொள்ளுங்கள். தட்டின்மேல் பார்ச்மென்ட் என்ற பேக்கிங் காகிதத்தை விரித்து, அதில் குக்கியை வையுங்கள். பட்டர் பேப்பர் என்ற பெயரில் விற்பதெல்லாம் அவன் சூட்டைத் தாங்காது, உறையில் எழுதியிருப்பதைப் பார்த்து வாங்க வேண்டும். தட்டில் வெண்ணெய் தடவிச் சுட்டால் குக்கி வழுக்கிக்கொண்டு கண்டபடி பரவும்.

14 முதல் 17 நிமிடம் ஆகும். எட்டாவது நிமிடத்தில் தட்டை முன்பின்னாகத் திருப்பி வையுங்கள், சின்ன அவனில் பின்பக்கம் சூடு அதிகம். ஓரம் சிவந்து நடு வெளுப்பாக இருக்கும்போது எடுக்கத் தோன்றும். எடுக்காதீர்கள், நடுவில் இன்னும் தண்ணீர் இருக்கிறது. ஓரத்துக்கும் நடுவுக்கும் நிற வித்தியாசம் அனேகமாக மறைந்து, முழுக்கப் பொன்னிறமாக வந்த பிறகே வெளியே. ஓரம் கருகுகிறது, நடு இன்னும் வெளுப்பு என்றால் சூடு அதிகம். அடுத்த தட்டுக்கு 10 டிகிரி குறைத்து இரண்டு நிமிடம் கூட்டுங்கள். கன்வெக்‌ஷன் மைக்ரோவேவில் செய்கிறவர்கள் முதலிலிருந்தே 160-ல் வைக்கலாம்.

வெளியே எடுத்ததும் குக்கி மெத்தென்றுதான் இருக்கும். இதைப் பார்த்துத்தான் பலர் மறுபடி உள்ளே தள்ளிக் கருக்கிவிடுகிறார்கள். கடலை மிட்டாய்ப் பாகை நினைத்துக்கொள்ளுங்கள். சூடாக இருக்கும்போது இழுபடுகிறது, ஆறினால் கண்ணாடியாக ஒடிகிறது. குக்கியில் மொறுமொறுப்பைத் தருவதும் அதே உருகி இறுகிய சர்க்கரைதான், வெண்ணெயும் ஓட்ஸும் நடுவில் கலந்திருக்கின்றன. ஆகவே பதம் பார்க்க ஒன்றை மட்டும் எடுத்து ஸ்டீல் தட்டில் நாலு நிமிடம் ஆறவிட்டு ஒடியுங்கள். சடக்கென்றால் சரி. வளைந்தால் மற்றவற்றுக்கு இன்னும் இரண்டு நிமிடம். சரியென்றால் தட்டிலேயே ஐந்து நிமிடம் விட்டு, பிறகு கம்பி வலைக்கு மாற்றுங்கள். கூலிங் ரேக் இல்லையென்றால் ஃபுல்கா சுடுகிற ஜாலி போதும். அடியில் காற்றுப் போனால் ஆவி தங்காது.

மும்பையின் தொல்லை இங்கேதான் ஆரம்பிக்கிறது. ஜூலை, ஆகஸ்டில் காற்றில் ஈரப்பதம் பல நாள் 80 விழுக்காட்டைத் தாண்டி நிற்கும். அந்தச் சர்க்கரைக் கண்ணாடி ஈரத்தை இழுத்துக்கொண்டால் மறுபடி இளகிவிடும். நமத்துப்போவது என்றால் இதுதான். நன்றாக ஆறட்டும் என்று ராத்திரி முழுக்க மேசையில் திறந்து வைத்தால், எவ்வளவு நன்றாகச் சுட்டிருந்தாலும் காலையில் துவண்டிருக்கும். அதற்காகச் சூட்டோடு டப்பாவில் போட்டு மூடினால் உள்ளே ஆவி வியர்த்து அதுவும் கெடும். தொட்டால் சூடு தெரியாத நிலை வந்த உடனே டப்பாவுக்குள் போக வேண்டும். மெல்லிசுக் குக்கிக்கு இது அரை மணி நேரத்துக்குள் வந்துவிடும்.

மழைக்காலத்தில் மட்டும் ஒரு கூடுதல் வேலை வைத்துக்கொள்ளுங்கள். எல்லாத் தட்டும் சுட்டு முடிந்ததும், ஆறின குக்கிகளை மொத்தமாக 110 டிகிரியில் 12 நிமிடம் உலர்த்துங்கள். இது சுடுவது இல்லை, நிறம் மாறாது, மிச்ச ஈரம் மட்டும் போகும். ரஸ்க்கை இரண்டாவது தடவை அவனில் வைப்பதும் இதற்காகத்தான். ஏற்கெனவே நமத்துப்போனதைக்கூட 130 டிகிரியில் ஆறேழு நிமிடம் வைத்து ஆறவிட்டால் பழையபடி ஒடியும்.

டப்பா சின்னதாக, வாய் இறுக மூடுவதாக இருக்கட்டும். பெரிய டப்பாவை ஒரு நாளைக்கு நாலு தடவை திறந்தால் நாலு தடவை ஈரக் காற்று உள்ளே போகும். உணவுக்கென்று விற்கிற சிலிக்கா ஜெல் பொட்டலம் ஒன்று போட்டு வைக்கலாம். இங்கே காரி பிஸ்கட் (அடுக்கடுக்காக உதிரும் உப்பு பிஸ்கட்) வாங்கிப் பழகிய வீடுகளில் இந்த ஒழுங்கு தானாகவே இருக்கும். டப்பாவைத் திறந்து போட்டவருக்கு வசவு நிச்சயம்.

உலர் திராட்சை போடலாமா என்றும் கேட்டிருந்தீர்கள். வேண்டாம். திராட்சைக்குள் இருக்கிற ஈரம் மூடின டப்பாவுக்குள் மெதுவாகக் குக்கிக்கு நகர்ந்துவிடும். வெளிக் காற்றை அடைத்துவிட்டு உள்ளேயே ஈரத்தை வைத்த கதை. பேரீச்சையும் அப்படித்தான். பாதாம், முந்திரி, வெள்ளை எள், உலர்ந்த கொப்பரைத் துருவல் எல்லாம் தாராளமாகப் போடலாம். இரண்டு மேசைக்கரண்டி கொப்பரை சேர்த்தால் ஓட்ஸில் அதே அளவைக் குறைத்துக்கொள்ளுங்கள். எனக்குப் பிடித்தது எள். வறுத்த வாசனையும் வெண்ணெயும் நன்றாகச் சேரும்.

கடைசியாக, அம்மாவுக்கு அனுப்புவது. 5 மில்லிமீட்டரில் தட்டியதை அனுப்பினால் திருநெல்வேலியில் இறங்குவது ஓட்ஸ் தூள். ரயிலில் கிட்டத்தட்ட ஒன்றரை நாள், யாராவது பையை ஒரு தடவையாவது இருக்கைக்கு அடியில் உதைத்துத் தள்ளுவார்கள். அனுப்புவதற்கென்று சுடும்போது 8 மில்லிமீட்டரோடு நிறுத்தி, உருண்டையையும் சின்னதாக எடுத்து, 160 டிகிரியில் மூன்று நிமிடம் கூடுதலாக விடுங்கள். மெல்லிசு என்று சொல்ல முடியாது, ஆனால் மொறுமொறுப்பு குறையாது. குக்கி அகலத்துக்குச் சரியாக இருக்கும் உருளை டப்பாவில் ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கி, ஆடாதபடி மேலே கசக்கிய காகிதம் வைத்து மூடுங்கள். தீபாவளிக்கு அனுப்புவதானால் ஒரே டப்பாவாக வேண்டாம், இரண்டு மூன்றாகப் பிரித்துவிடுங்கள். அக்டோபரில் மும்பையில் மழை ஓய்கிற சமயத்தில்தான் அங்கே வடகிழக்குப் பருவமழை பிடிக்கும். ஒரு டப்பா தீர்ந்த பிறகு அடுத்ததைப் பிரிக்கச் சொல்லுங்கள்.